எனக்கு வாசிக்கத் தெரியாமல் போன தமிழ்

மகன்,

இது உன் கைக்கு வருவதற்கு முன் ஊரில் பாதிப்பேர் வாசித்து முடித்திருப்பார்கள். கோபிக்காதே. உன் புது விலாசம் என்னிடம் இல்லை. பழைய நம்பருக்கு அடித்தால் ஒரு பெண்பிள்ளை இங்கிலிசில் ஏதோ சொல்லிவிட்டு வைத்துவிடுகிறாள். அவளோடு ஐந்து முறை மரியாதையாகக் கதைத்தேன், சாப்பிட்டாயா என்றுகூடக் கேட்டேன். ஆறாம் முறைதான் அது மெஷின் என்று என் கூட்டாளி காசிம் சொன்னான். வேறு வழி தெரியாமல், இங்கே அச்சடித்துக் கனடாவிலும் ஆட்கள் வாசிக்கிற இந்தப் பேப்பரில் போடச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். உன்னைத் தெரிந்த யாராவது கண்டு உன்னிடம் காட்டுவார்கள் என்று ஒரு நினைப்பு. என் எழுத்துப் பிழைகளைப் பேப்பர்காரர் திருத்திவிட்டார், என் வாய்த் தமிழையும் கொஞ்சம் இஸ்திரி போட்டுவிட்டார். பொய்களைத் திருத்த அவரால் ஏலாது. அதை நான்தான் செய்யவேண்டும்.

விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் பகிடி சொல்லிச் சொல்லி வழி மாறிவிடுவேன். கலியாணத்துக்கு முன் நீ எனக்கு ஒரு மெசேஜ் அனுப்பினாய். நான் பதில் போடவில்லை. எனக்கு விருப்பமில்லை என்று எடுத்துக்கொண்டு, நானில்லாமலே நிலூக்காவைக் கட்டினாய். மகன், நான் விருப்பமில்லாமல் பேசாமல் இருக்கவில்லை. நீ எழுதினதை வாசிக்கவே இல்லை. எட்டு மாதம் அது என் சட்டைப்பையில், நெஞ்சோடு ஒட்டிக்கொண்டு, போனுக்குள் கிடந்தது. எனக்கு அதை வாசிக்கத் தெரியவில்லை.

‘அப்பாவுக்கோ வாசிக்கத் தெரியாது? இங்கிலிசில் கப்பல் பேரெல்லாம் வாசித்துக் காட்டின மனிசனுக்கோ?’ என்று நீ கேட்பாய். அங்கேதான் முதல் பொய் இருக்கிறது. உனக்கு ஆறு வயது இருக்கும்போது பின்னேரங்களில் உள்துறைமுக வீதிச் சுவரில் இருத்திவைத்துக் கப்பல் காட்டுவேன். “அப்பா, அந்தக் கப்பலுக்கு என்ன பேர்?” என்று கேட்பாய். நான் கண்ணைச் சுருக்கி, நெற்றியில் கையை வைத்து, “கடல் ராணி” என்பேன். அடுத்ததற்கு “மொஸ்கோ மாமா” என்பேன். நீ கைதட்டுவாய். அதிலெல்லாம் என்ன எழுதியிருந்தது என்று இந்த நிமிடம்வரை எனக்குத் தெரியாது. உண்மையில் எனக்குத் தெரிந்த ஒரே இங்கிலிஸ் சொல் ‘பனாமா’. பல கப்பல்களின் பின்பக்கம் அது எழுதியிருக்கும், ஸ்டோர் கிளாக்கர் ஒருவர் சொல்லித் தந்திருந்தார். அதைக் கண்டால் மட்டும் உண்மையை வாசிப்பேன். ஏன் இத்தனை கப்பலில் ஒரே பேர் என்று நீ கேட்டதற்கு, பனாமா என்பவர் பெரிய முதலாளி, எங்கள் கங்காணிக்குக்கூட அவரைக் கண்டால் நடுக்கம் என்று சொன்னேன். நீ அதைப் பள்ளிக்கூடத்தில் போய்ச் சொல்லி அடி வாங்கினாய். அன்றைக்காவது உண்மையைச் சொல்லியிருக்கலாம். “வாத்தியாருக்குக் கப்பலைப் பற்றி என்ன தெரியும்?” என்று சொல்லிச் சமாளித்துவிட்டேன்.

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவன். தமிழ் வாசிப்பேன், விரலை வைத்து, சொல் சொல்லாக. அப்பா செத்ததும் என்னைத் துறைமுகத்தில் மூட்டை தூக்க விட்டார்கள். அங்கே எங்கள் கூட்டத்தில் முக்கால்வாசிப் பேருக்குக் கையெழுத்தே வராது. ஆனால் எந்த மூட்டை எந்த ஸ்டோருக்குப் போகவேண்டும் என்று ஒரு நாளும் பிழைவிட்டதில்லை. மூட்டையில் மையால் குறி போட்டிருக்கும். வைரக்கட்டம், நட்சத்திரம், நங்கூரம், இல்லாவிட்டால் இரண்டு மூன்று இங்கிலிஸ் எழுத்து. அந்த எழுத்துக்களுக்கு நாங்களே பேர் வைத்திருந்தோம். ஒன்று இரண்டு கால் ஏணி. ஒன்று பாம்பு. ஒன்று முன்னுக்கு வயிறும் நெஞ்சும் தள்ளின முதலாளி. “ஏணிப் பாம்பு எல்லாம் இந்தப் பக்கம்! முதலாளி மூட்டையை அங்கால போடுங்கோ, அந்தாள் நனையக் கூடாது!” என்று கங்காணி கத்துவார். எனக்கு இங்கிலிஸ் தெரிந்தது அவ்வளவுதான், மகன். ஏணியும் பாம்பும். அதை வைத்துக்கொண்டு முப்பது வருடம் உன்னை ஏய்த்தேன்.

உன் பள்ளிக்கூடத்துக் கண்காட்சி ஞாபகமிருக்கிறதா? எழுத்து எப்படிப் பிறந்தது என்று பெரிய மட்டையில் படம் கீறி, கையில் ஒரு தடியோடு நீ நின்றாய். எகிப்துக்காரர் படம் படமாக எழுதினார்கள், அதைப் படிக்க ஒரு ஆயுள் வேண்டும், அரசனுடைய எழுத்தர்களுக்கு மட்டும்தான் அது ஏலும் என்றாய். பிறகு பாலைவனத்தில் நீலக்கல் தோண்டப் போன வெளியூர்க் கூலிகள் அந்தப் படங்களைப் பார்த்தார்களாம். எகிப்துப் பேச்சு விளங்காது, ஆனால் படம் விளங்கும். தங்கள் பேச்சில் மாட்டுக்கு என்ன பேரோ, அந்தப் பேரின் முதல் ஓசைக்கு மாட்டுத் தலையைக் கீறினார்கள். வீட்டின் முதல் ஓசைக்கு ஒரு வீடு. தண்ணீருக்கு ஒரு அலை. ஆயிரம் படம் வேண்டாம், முப்பது கீறல் போதும், வாயில் வருகிற எதையும் எழுதலாம் என்று சொல்லிவிட்டு, இங்கிலிசின் முதல் எழுத்தைத் தலைகீழாகத் திருப்பிக் காட்டினாய். இரண்டு கொம்போடு மாடு பார்த்துக்கொண்டு நின்றது. என்னுடைய ஏணி!

நான் என்ன செய்தேன்? அதிபருக்கும் மற்றத் தாய் தகப்பன்மாருக்கும் முன்னால், “அப்ப மாடு மேய்ச்சவனுக்குத்தான் முதல்ல பள்ளிக்கூடம் வெச்சிருக்கோணும், என்ன மாஸ்டர்?” என்று உன்னைப் பார்த்துக் கேட்டேன். மண்டபம் சிரித்தது. உன் முகம் சிவந்தது. வீட்டுக்கு வந்து அம்மா என்னைப் பிடித்தாள். “இஞ்சாருங்கோ, பிள்ளை ஒரு கிழமையா நித்திரை முழிச்சுப் பாடமாக்கினது. அதை ஏன் எல்லாருக்கும் முன்னால நக்கல் அடிச்சனியள்?” அவளுக்கும் நான் சொல்லவில்லை, இன்றைக்கு உனக்குச் சொல்கிறேன். எழுத்தைக் கண்டுபிடித்தது படித்தவன் இல்லை, கல்லுத் தோண்டினவன், என்னைப்போல் குறி பார்த்துப் பிழைத்தவன் என்று என் பிள்ளை மேடையில் நின்று சொல்கிறான். அழுகை வந்தது. அழுகையை மறைக்க எனக்கு ஒரு வழிதான் தெரியும், பக்கத்தில் நிற்கிறவனைப் பகிடி பண்ணுவது. அன்று நீதான் பக்கத்தில் நின்றாய். நீ வளர்ந்த காலம் முழுக்க அநேகமாக நீதான் பக்கத்தில் நின்றாய்.

இனிக் காசிமின் கதை. உனக்கு அவன் காசிம் மாமா. சிரிக்கச் சிரிக்கக் கதைக்கிற மனிசன் என்றுதான் தெரியும். எங்கள் இரண்டு பேருக்கும் இடையில் கிடக்கிற இந்த விஷயம் உன் அம்மாவுக்குக்கூடத் தெரியாது. எழுதலாமா என்று அவனிடம் கேட்டேன். “எழுது மச்சான். பேரு மட்டும் வேற போடு,” என்றான். அதனால் காசிம் என்பது அவனுடைய பேர் இல்லை. அவன் யார் என்று உனக்குத் தெரியும்.

எங்களுக்கு இருபத்திரண்டு வயது. இரண்டு பேரும் ஒரே கூட்டத்தில் மூட்டை தூக்கினோம். அவனுக்கு ஊர் மூதூர், கடலுக்கு அந்தப் பக்கம். வாப்பா இல்லை, உம்மா மட்டும். ஒரு பெருநாளுக்கு என்னையும் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனான். உம்மா எனக்கு மூன்று முறை சோறு போட்டா. நான் வேண்டாம் என்று கையால் மறித்தபோது, “கோயில்காரப் பிள்ளைக்கி வயிறு சின்னன் போல,” என்று சொல்லிக் கை இடுக்கால் நாலாவது முறையும் போட்டா. என்னைப் பகிடியில் வென்ற ஒரே பெண் அவதான். அடுத்த நாள் காலை லாஞ்சிக்கு வந்தோம். ஏறப்போகிற நேரத்தில் உம்மா, முக்காட்டைப் பல்லில் கடித்துக்கொண்டு, நாலாக மடித்த ஒரு சின்னக் கடுதாசியைக் காசிமின் கையில் வைத்து மூடினா. ஒன்றும் சொல்லவில்லை. திரும்பி நடந்துவிட்டா.

கடலில் வரும்போது அவன் அதை விரித்தான். அரபு எழுத்து. காசிம் ஓதப் பள்ளியில் இருந்து பாதியில் ஓடிவந்தவன். காதால் கேட்டு மனப்பாடம் செய்த ஓதல் அவனுக்கு வரும், எழுத்தைக் கூட்டி வாசிக்க வராது. உம்மாவுக்கு எழுத வரும் என்பதே அவனுக்குத் தெரியாது. பள்ளிக்கூடமே போகாத மனிசி அல்லவா. பள்ளிவாசல் லெப்பையிடம் சொல்லிக் காவலுக்கு ஏதாவது எழுதி வாங்கியிருப்பா என்று நினைத்தான், அப்படி முன்பும் வாங்கிக் கொடுத்திருக்கிறாவாம். இருந்தாலும் அவனுக்கு ஒரு ஐமிச்சம். “வெள்ளிக்கிழமை லெப்பைட்ட ஒருக்காக் காட்டுவமா மச்சான்?” என்று கேட்டான். நான் கடுதாசியை வாங்கி, கண்ணைச் சுருக்கி, நெற்றியில் கையை வைத்து, வாசிக்கிற மாதிரிப் பார்த்தேன். கப்பல் பேர் வாசிக்கிற அதே முகம். “ஓமடா. இது காவல் ஓதல். கிரேன் தலையில விழாமல் இருக்க எழுதியிருக்கு. லெப்பைக்கு ஏன் கரைச்சல்? கழுத்தில கட்டு,” என்றேன். சிரித்தான். நானும் சிரித்தேன். அந்தக் கிழமையே நான்தான் ஒரு தகரத் துண்டை வெட்டி, தட்டி, சின்னக் கூடு செய்து, கடுதாசியை உள்ளே வைத்து அடைத்துக் கொடுத்தேன். நல்ல வேலை என்று எல்லாரும் சொன்னார்கள்.

பிறகு இரண்டு மாதத்துக்கு ஒரு முறை அவன் ஊருக்குப் போய்வந்தான். உம்மா ஒவ்வொரு முறையும் அவன் முகத்தைப் பார்ப்பாவாம். கழுத்தில் தொங்குகிற கூட்டைப் பார்ப்பாவாம். அதற்குள் என்ன இருக்கிறது என்று அவவுக்குத் தெரியாது, அவனும் சொல்லவில்லை. ஒரு வருடம் முடியமுன் உம்மா செத்துப்போனா. நெஞ்சில் கட்டி. முற்றிப்போனபிறகுதான் அயல் வீட்டுப் பெண்கள் கண்டுபிடித்தார்கள். அதற்குப் பிறகும் இரண்டு வருடம் போனது. வியர்வையிலும் உப்புக் காற்றிலும் தகரம் கறள்பிடித்து விட்டது. ஓதலைப் புதுக்கூட்டில் போடுவதற்காகக் காசிம் லெப்பையிடம் கொண்டுபோனான். நானும் போனேன், வெளியே சைக்கிளைப் பிடித்துக்கொண்டு நின்றேன். லெப்பை கடுதாசியை விரித்து, முதலில் ஓதுகிற மாதிரி வாயை அசைத்தார். பிறகு வாய் நின்றது. “தம்பி, இது ஓதல் இல்ல. எழுத்துத்தான் அரபு. கதை நம்மட தமிழ்,” என்றார். அந்தக் காலத்து முஸ்லிம் பெண்கள் பலர் ஓதப் படித்த எழுத்தை வைத்துக்கொண்டு வீட்டுத் தமிழை எழுதுவார்களாம். அரபுத்தமிழ் என்று அதற்குப் பேராம். வாசித்தார். வெளியில் நின்ற எனக்கும் கேட்டது.

“மகன், உம்மாட மாருல ஒரு கட்டி இரிக்கி. வாயால சொல்ல வெக்கமா இரிக்கி. டவுன் ஆஸ்பத்திரிக்கிக் கூட்டிட்டுப் போ மகன். பயப்படாத, லேசாத்தான் வலிக்கிது.”

அவன் அதை மூன்று வருடம் கழுத்தில் போட்டுக்கொண்டு திரிந்தான், மகன். அதில் கிட்டத்தட்ட ஒரு வருடம் உம்மா உயிரோடு இருந்தா.

அன்றைக்கு அவன் என்னை அடிப்பான் என்று நினைத்தேன். சைக்கிளில் பின்னால் ஏறி இருந்தான். நான் மிதித்தேன். கொஞ்ச நாளில் கட்டாருக்கு வேலைக்குப் போய்விட்டான். இடையிடையே வந்துபோய் முப்பது வருடம் அங்கே உழைத்தான். கடைசிக் காலத்தில் அங்கே வாங்கின போனில் தமிழ் எழுத்து இல்லை, இங்கிலிஸ் எழுத்தை வைத்துத் தமிழில் வீட்டுக்கு மெசேஜ் எழுதப் பழகிக்கொண்டான். திரும்பி வந்தபிறகும் என்னிடம் வருவான், தேத்தண்ணி குடிப்பான், பகிடி விடுவான். உம்மாவின் கடுதாசியைப் பற்றி மட்டும் ஒரு நாளும் வாய் திறந்ததில்லை.

இதையெல்லாம் அனுபவித்த நான் அதே பிழையை இரண்டாம் முறை செய்யலாமா? செய்தேன். அம்மா இருந்தவரை வீட்டில் வாசிப்பதெல்லாம் அவள்தான். உன் மெசேஜ் வந்தால், “தம்பி எழுதியிருக்கிறான், கேளுங்கோ,” என்று கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு வாசிப்பாள். எனக்கு இங்கிலிஸ் தெரியாது என்பது அவளுக்குத் தெரியும். உனக்குமுன் ஒரு நாளும் காட்டிக்கொடுத்ததில்லை. உன் பள்ளிக்கூட ரிப்போட்டைக் கூட முதலில் குசினிக்குள் வைத்து எனக்குச் சொல்லித் தந்துவிட்டுத்தான், “அப்பாட்டக் கொண்டுபோய்க் காட்டு,” என்று உன்னை அனுப்புவாள். அவள் போய் மூன்று வருடம். அவளுக்குப் பிறகு வீட்டுக்கு வந்த எழுத்தெல்லாம் என்னிடம் வந்து செத்தது.

நிலூக்காவைப் பற்றி நீ போனில் சொன்ன ஞாயிற்றுக்கிழமை உனக்கு மறக்காது. மாத்தறைப் பிள்ளை, சிங்களம், நல்ல குணம் என்று எவ்வளவு தயங்கித் தயங்கிச் சொன்னாய். நான் கேட்டேன், “அவவுக்கு அனா எழுத வருமோ? இல்லாட்டி நீ இனி ஜிலேபி சுத்தப் பழகவேணுமோ?” என்று. சிங்கள எழுத்தைத்தான் ஜிலேபி என்றேன், சிரித்துக்கொண்டே கேட்டேன். நீ போனை வைத்துவிட்டாய். எனக்கு அவள் சிங்களம் என்பதில் ஒரு குறையும் இல்லை, மகன். உன் அம்மா இல்லாத வீட்டில் இன்னொரு பெண்பிள்ளையின் பேரைக் கேட்டதும் பழையபடி அழுகை வந்தது. நீதான் பக்கத்தில் நின்றாய், போனில் என்றாலும்.

மூன்று நாள் கழித்து மெசேஜ் வந்தது. திறந்து பார்த்தேன். முழுக்க ஏணியும் பாம்பும் முதலாளியும். இங்கிலிஸ் எழுத்து. இங்கிலிசில் வருவதெல்லாம் போன் கொம்பனிக்காரனுடைய விளம்பரம் என்று விட்டேன். உன் பேர் மேலே இருந்ததே என்று கேட்பாய். இருந்தது. தமிழில் அம்மா பதிந்து வைத்த பேர். அதைக் கண்டதும் எனக்கு வேறொரு நினைப்பு வந்தது. கோபத்தில் என்னை மட்டந்தட்ட வேண்டுமென்றே இங்கிலிசில் எழுதுகிறான், வாசித்துப் பார் என்று சவால் விடுகிறான் என்று. யாரிடமாவது காட்டியிருக்கலாம். காட்டினால் எனக்கு இங்கிலிஸ் தெரியாது என்பது வெளியில் வந்துவிடும். எழுபத்தொரு வயதில் அந்த மானத்தைக் காப்பாற்றினேன். போனைச் சட்டைப்பையில் போட்டேன்.

நீ ஞாயிற்றுக்கிழமை எடுக்கவில்லை. நானும் எடுக்கவில்லை. கலியாணப் படத்தை யாரோ போனில் கண்டதாகக் கோயில் வாசலில் வைத்துச் சொன்னார்கள். இனி நான் செய்ததைக் கேள். செத்தவீடு, கலியாணவீடு, மீன் சந்தை என்று ஒரு இடம் விடாமல், “பெத்த தகப்பனுக்கு ஒரு சொல்லுச் சொல்லாமல் கட்டிப்போட்டான்,” என்று சொல்லித் திரிந்தேன். கனடாவில் இருக்கிற உன் சித்தப்பாவுக்கும் சொன்னேன். அவர் உன்னிடம் கேட்டிருப்பார். நீ அழைத்தும் வராத மனிதன் அழைக்கவில்லை என்று ஊரெல்லாம் பொய் சொல்கிறான் என்று நினைத்திருப்பாய். உன் நம்பர் மாறினது அதற்குப் பிறகுதான் என்று இப்போது கணித்துப் பார்க்கிறேன்.

போன மாதம் போன் நிறைந்துவிட்டது, ஒன்றும் வரவில்லை. காசிமிடம் கொடுத்தேன். பழைய குப்பைகளை ஒவ்வொன்றாக அழித்துக்கொண்டு இருந்தான். திடீரென்று விரல் நின்றது.

“மச்சான், இத வாசிச்சியா?”

“அது இங்கிலிஸ் விளம்பரம். அழி.”

“இங்கிலிஸ் இல்லடா.” குரல் இறங்கிவிட்டது. “எழுத்துத்தான் இங்கிலிஸ். கதை நம்மட தமிழ்.”

தான் என்ன சொன்னோம் என்பது சொன்னபிறகுதான் அவனுக்கு விளங்கியது. என்னைப் பார்த்தான். நான் அவனைப் பார்க்கவில்லை. அவன் வாசித்தான், லெப்பையைப் போல மெதுவாக.

“அப்பா, போனில சொன்னா நீங்கள் பகிடி பண்ணுவியள். அதால எழுதுறன். வைகாசியில கலியாணம். விசா எடுக்க நேரம் இருக்கு, நீங்கள் கட்டாயம் வரோணும். நிலூக்கா உங்களைப் பாக்க ஆசைப்படுறா. அம்மா இல்லை, நீங்களாவது பக்கத்தில நிக்கோணும். விருப்பமில்லையெண்டா ஒண்டும் எழுதாதேங்கோ. நான் விளங்கிக்கொள்ளுவன்.”

நாற்பத்தைந்து வருடத்துக்கு மேலாகக் கேட்கப் பயந்ததை அன்றைக்குக் கேட்டேன். “உம்மாட கடுதாசியை நான்தானே ஓதல் எண்டனான். அப்ப ஏன்டா நீ என்னை அடிக்கேல்ல?” காசிம் போனைத் துடைத்து என் கையில் வைத்தான். “அடிச்சிருந்தா, அதோட சரியெண்டு நீ விட்டிருப்பாய் மச்சான்,” என்றான். செருப்பைப் போட்டுக்கொண்டு போய்விட்டான். இரண்டு நாள் வரவில்லை. மூன்றாம் நாள் தேத்தண்ணிக்கு வந்தான்.

அந்த இரண்டு நாளில் நான் எங்கள் வேதக்கோயில் சுவாமியிடம் போனேன். பாவத்தைச் சொல்லிப் பாவசங்கீர்த்தனம் செய்ய வந்தேன் என்று நினைத்துக் கதிரையைக் காட்டினார். “அது பிறகு. முதல்ல எனக்கு எழுத்தைப் பற்றிச் சொல்லுங்கோ,” என்றேன். பழைய அறிவித்தல் தாளின் பின்பக்கத்தில் ஒரு மரம் கீறிக் காட்டினார். அடியில் நீ சொன்ன அதே மாட்டுத் தலை. ஒரு கிளையைக் கடல் வியாபாரிகள் துறைமுகம் துறைமுகமாகக் கொண்டுபோய், கிரேக்கனிடம் கொடுத்து, அவன் ரோமனிடம் கொடுத்து, இங்கிலிஸ் எழுத்தானது. இன்னொரு கிளை தரை வழியாகப் போய் அரபு எழுத்தானது. அரபின் முதலெழுத்தான அலிபும் இங்கிலிசின் முதலெழுத்தும் அதே மாடுதானாம். அந்தத் தரைக்கிளையின் பக்கத்தில் இருந்துதான் பிராமி என்ற எழுத்தும் முளைத்தது என்று பல பேர் சொல்கிறார்களாம். இல்லை, அது இந்தியாவில் தானாகவே பிறந்தது என்று வேறு ஆட்கள் சண்டை பிடிக்கிறார்களாம். சண்டை எதுவானாலும், பிராமியின் வயிற்றில் இருந்துதான் தமிழ் எழுத்தும் சிங்கள எழுத்தும் வந்தன. இரண்டும் ஓலையில் எழுதப்பட்டு, நேர்க்கோடு ஓலையைக் கிழிக்கும் என்பதால் வளைந்து போனவை. நான் ஜிலேபி என்றேனே, அது என் அனாவின் ஒன்றுவிட்ட தங்கச்சி. இதைச் சொல்லி நிலூக்காவிடம் என் சார்பில் மன்னிப்புக் கேள். பகிடியாகக் கேட்காதே, உண்மையாகவே கேள்.

சுவாமி இன்னொன்றும் சொன்னார். ஓலையில் எழுதினவர்கள் புள்ளி வைத்தால் ஓட்டை விழும் என்று பல இடத்தில் மெய்யெழுத்துக்குப் புள்ளியே வைக்காமல் விட்டார்களாம். எங்கே புள்ளி வரும் என்று வாசிக்கிறவன்தான் அறிந்து வாசிக்க வேண்டும். வீட்டுக்கு வந்து அதையே யோசித்துக்கொண்டு இருந்தேன். என் பிழையைக் குறைக்கச் சொல்லவில்லை, ஆனால் ஒன்றை மட்டும் கேட்கவிடு. உன் அப்பா ஒரு நாளாவது வாயை மூடினதை நீ கண்டிருக்கிறாயா? செத்தவீட்டிலும் கதைத்தவன், பூசையில் சுவாமிக்கு எதிராகவே முணுமுணுத்தவன். விருப்பமில்லையென்றால் நான் உனக்கு இருபது பக்கம் நக்கல் எழுதி அனுப்பியிருக்க மாட்டேனா? நான் பேசாமல் இருந்ததைக் கண்டபோதாவது, கிழவனுக்கு என்னவோ நடந்துவிட்டது என்று உனக்கு ஒரு ஐமிச்சம் வந்திருக்கக் கூடாதா? வரவில்லை. வரும்படி நான் உன்னை வளர்க்கவில்லை. அதுவும் என்னோடுதான் சேரும்.

புத்தி சொல்ல எனக்குத் தகுதியில்லை, ஆனாலும் தகப்பன் கடிதம் என்றால் ஒன்றாவது சொல்லவேண்டும். உனக்குப் பிள்ளை பிறந்தால், உனக்குத் தெரியாததைத் தெரியாது என்று அதற்குச் சொல். முதல் நாளே சொல், ஆறு வயதிலேயே சொல். பிறகு சொல்லலாம் என்று விட்டால் அது ஒவ்வொரு வருடமும் கனத்துப்போகும், ஒரு நாள் பிள்ளை உன்னை நம்பி எழுதும், உனக்கு வாசிக்க ஏலாமல் போகும்.

கலியாணத்தன்று உன் பக்கத்தில் ஒரு இடத்தை வெறுமையாக விட்டாயா, அல்லது வேறு யாரையாவது நிற்பாட்டினாயா என்று எனக்குத் தெரியாது. கேட்கவும் பயம். ஆனால் நீ கேட்ட கேள்விக்கு இன்னும் என் பதில் போகவில்லை, அதை இங்கே எழுதுகிறேன். ஓம் மகன். எனக்கு விருப்பம். முழு விருப்பம். வந்திருப்பேன், கனடாக் குளிரில் சாரத்தோடு நின்று உன்னை வெட்கப்படுத்தியிருப்பேன்.

இனி உன் முறை. தமிழில் எழுது, இங்கிலிஸ் எழுத்தில் எழுது, நிலூக்கா சிங்களத்தில் எழுதட்டும். எதுவாக வந்தாலும், எனக்கு இது வாசிக்கத் தெரியாது, வாசித்துக் காட்டுங்கள் என்று கேட்கப் பழகிவிட்டேன். முதல் முறை கேட்டபோது நாக்கு மேலே ஒட்டிக்கொண்டது, இப்போது அவ்வளவு இல்லை. ஒன்றுமே வராவிட்டால், இந்தப் பேப்பர் உன் கண்ணில் படவில்லை என்றுதான் எடுத்துக்கொள்வேன். வேண்டாம் என்று சொல்கிறாய் என்று எடுக்க மாட்டேன். வேண்டாம் என்றால் அதை நீ எழுத்தாலேயே எழுதவேண்டும். எழுது, பயப்படாதே. காசிம்தான் எனக்கு வாசிப்பான். எழுதியிருக்கிறதைத் தவிர அவனுக்கு வேறு வாசிக்க வராது. இல்லாததை வாசிக்கிறது நான்தான்.

உன் அப்பா